அடுப்படிப் பக்கம்: ஒவன் இல்லாத வீட்டில் பழக் கொப்ளர்



எலுவன்குளத்துச் சகோதரி ஒருவரின் கடிதத்துக்கு இந்த மாதம் பதில் எழுதுகிறேன். அவர் 1990 ஒக்டோபரில் மன்னார்ப் பக்கத்திலிருந்து உம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு புத்தளம் வந்தவர். எலுவன்குளத்தில் மணமுடித்தார். பின்பு மத்திய கிழக்கில் ஒரு வெளிநாட்டுக் குடும்பத்தின் வீட்டில் எட்டு வருடம் வேலை செய்தார். “அந்த வீட்டுப் பிள்ளைகளுக்கு வெள்ளிக்கிழமை தோறும் பீச் கொப்ளர் செய்து கொடுப்பேன். என் பிள்ளைகள் அதை வாயில் வைத்ததில்லை. பீச் பழமும் இங்கே இல்லை, ஒவனும் இல்லை. தவணைக் கடனில் ஒரு ஒவன் எடுக்கலாமா என்று யோசிக்கிறேன். செய்து விற்கவும் ஆசை” என்று எழுதியிருக்கிறார்.

கடிதத்தில் மூன்று கேள்விகள் இருக்கின்றன. பழத்துக்கு என்ன செய்வது, ஒவனுக்கு என்ன செய்வது, விற்கலாமா என்பன அவை. முதல் இரண்டுக்கும் மகிழ்ச்சியோடு பதில் சொல்லலாம். மூன்றாவதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகப் பேச வேண்டியிருக்கிறது.

கொப்ளர் என்றால் என்னவென்று தெரியாத சகோதரிகளுக்காக: ஒரு சட்டியில் பழத்துண்டுகளைச் சீனியோடு போட்டு, மேலே கோதுமை மாக் குழையலைக் கரண்டி கரண்டியாக வைத்து, மேற்பகுதி சிவக்கும் வரை வேகவைக்கும் இனிப்புப் பண்டம் அது. அடியில் பழம் பாகாக இளகியிருக்கும், மேலே மா பணிஸ் போல உப்பியிருக்கும். சப்பாத்துத் தைப்பவருக்கும் ஆங்கிலத்தில் இதே பெயர்தான். பலகாரத்துக்கு இந்தப் பெயர் ஏன் வந்தது என்பதில் அறிஞர்களிடையே ஒரு முடிவு இல்லை. மேலே உள்ள மா உருண்டைகள் கல் பதித்த பழைய தெருவைப் போலத் தெரிவதால் வந்ததென்று சிலர் சொல்கிறார்கள்.

இது பிறந்தது பணக்காரர் வீட்டுச் சமையலறையில் அல்ல. ஐரோப்பாவிலிருந்து அமெரிக்காவுக்குப் போய்க் காட்டோரங்களில் குடியேறியவர்களிடம் போறணை இருக்கவில்லை. இருந்தது ஒரு கனத்த இரும்புச் சட்டி. அதற்குக் கால்களும், தணலைத் தாங்கும் விளிம்புள்ள மூடியும் உண்டு. கீழே தணல், மூடியின் மேலும் தணல். கையில் கிடைத்த பழத்தைப் போட்டு இதைச் செய்தார்கள். 1839ஆம் ஆண்டில் லெட்டிஸ் பிரையன் என்ற பெண்மணி கென்டக்கி மாநிலத்தில் எழுதிய சமையற் புத்தகத்தில் பீச் கொப்ளர் இருக்கிறது. இது விருந்தாளிகளுக்கு வைக்கத்தக்க நாகரிகப் பண்டம் அல்ல, ஆனால் வீட்டாருக்கு மிக நல்லது என்ற கருத்தை அவர் அதில் சொல்கிறார். அந்த இரும்புச் சட்டிக்கு ‘டச்சு ஒவன்’ என்று பெயர். கலா ஓயா போய் விழும் கடலுக்கும் டச்சுக் குடா என்றுதானே பெயர்! எலுவன்குளத்தாருக்கு அந்தச் சொல் அந்நியமில்லை.

ஆகவே சகோதரி, ஒவன் வருவதற்கு முன்பே வந்த பலகாரம் இது. உங்கள் அடுப்பிலேயே செய்யலாம்.

பழம்

பீச் சீனத்தில் தோன்றிப் பாரசீகம் வழியாக மேற்கே போன பழம். குளிர்காலம் ஒன்றைக் கண்டால்தான் அந்த மரம் ஒழுங்காகப் பூக்கும். நம் நாட்டில் நுவரெலியாப் பக்கம் கொஞ்சம் உண்டு, புத்தளத்து வெயிலில் காய்க்காது. கடைகளில் ரின்னில் அடைத்துப் பாகோடு வருவது இறக்குமதி. ஒரு ரின்னின் விலைக்கு ஒரு கூடை மாம்பழம் வாங்கலாம். ரின் பீச் வாங்க வேண்டாம் என்பதே என் அபிப்பிராயம்.

பீச்சுக்கு மிக நெருங்கிய மாற்று மாம்பழம். நிறம், புளிப்பு, இனிப்பு எல்லாம் ஒத்துப்போகும். நன்றாகக் கனிந்து கையில் நசுங்கும் பழம் வேண்டாம், கரைந்து கூழாகிவிடும். பழுத்தும் சற்று இறுக்கமாக இருப்பதை எடுங்கள். நார் கூடிய இனமானால் துண்டுகளைச் சிறிதாக வெட்டுங்கள். அன்னாசி போடுவதானால் முதலில் தனியாக வேகவைத்துத் தண்ணீரை வற்றவிட வேண்டும். பப்பாசிக்கு வாசனை குறைவு, ஆகையால் தேசிக்காய்ப் புளியும் கறுவாவும் கூடுதலாகத் தேவை. வாழைப்பழம் போட்டால் அது வேறு பண்டமாகிவிடும்.

புத்தளம் மாவட்டத்தில் கிடைக்கும் ஒரு பழத்தைப் பற்றிச் சொல்லாமல் போக முடியாது. அது கஜுப்பழம். வண்ணாத்திவில்லு, எலுவன்குளம் பக்கங்களில் கஜு மரத்துக்குக் குறைவில்லை. மார்ச், ஏப்ரல், மே மாதங்களில் மரத்தின் கீழே பழம் விழுந்து கிடக்கும். கொட்டையைத் திருகி எடுத்துக்கொண்டு பழத்தை எறிந்துவிடுகிறோம். தோடம்பழத்தைவிடப் பன்மடங்கு விற்றமின் சி அதில் இருக்கிறது. எறிவதற்குக் காரணம் அதன் கார்ப்பு, தொண்டையைப் பிடிக்கும். இன்னொரு காரணம், விழுந்த பழம் ஒரு நாளைக்குள்ளே அழுகத் தொடங்கிவிடும்.

கார்ப்பை எடுக்க வழியுண்டு. ஒரு லீற்றர் தண்ணீரில் நான்கு மட்டத் தேக்கரண்டி உப்புப் போட்டுக் கொதிக்க வையுங்கள். பழத்தைக் கழுவி, இரு நுனிகளையும் வெட்டி, துண்டுகளாக்கி, அந்தக் கொதிநீரில் ஐந்து நிமிடம் வேகவிட்டு இறக்குங்கள். தண்ணீரை ஊற்றிவிட்டு, நல்ல தண்ணீரில் இரண்டு முறை அலசிப் பிழியுங்கள். கொஞ்சம் கார்ப்பு மிஞ்சத்தான் செய்யும். அதனால் தனியே போடாமல் இரண்டு பங்கு மாம்பழத்துக்கு ஒரு பங்கு கஜுப்பழம் என்று கலந்தால் ருசி எடுபடும். காலையில் பொறுக்கியதை அன்றே சமைத்துவிட வேண்டும்.

கஜுக்கொட்டையின் கோதில் உள்ள எண்ணெய் தோலைப் பொசுக்கும். கஜு உடைக்கும் பெண்களின் விரல்களைப் பார்த்தவர்களுக்கு இதைச் சொல்லத் தேவையில்லை. பழத்திலிருந்து கொட்டையைத் திருகித்தான் எடுக்க வேண்டும், கத்தியால் கோதை வெட்டக் கூடாது. சமைக்கும் தணலில் பச்சைக் கொட்டையைப் போட்டுச் சுடவும் வேண்டாம், அந்தப் புகை கண்ணுக்கும் மூச்சுக்கும் கெடுதி.

வில்பத்துக் காட்டோரமாக இருக்கும் சகோதரிகள் பழுத்த பழங்களை இரவில் வீட்டுக்குள் குவித்து வைப்பதில்லை. யானைக்கு மூக்கு நீளம்!

சட்டியும் தணலும்

கனத்த அலுமினியச் சட்டி, அல்லது பழகிய மண்சட்டி ஒன்று போதும். எட்டு அல்லது ஒன்பது அங்குல அகலம் நல்லது. மூடிதான் முக்கியம். அது சட்டியைவிட அகலமாக, தட்டையாக, உலோகத்தாலானதாக இருக்க வேண்டும். ரொட்டி சுடும் இரும்புக் கல் மிகப் பொருத்தம். மெல்லிய தகரமானால் நடுவில் வளைந்து சாம்பல் உள்ளே கொட்டும்.

எரிபொருளுக்குச் சிரட்டைக்கரியே சிறந்தது. தென்னை உள்ள மாவட்டத்தில் சிரட்டைக்குப் பஞ்சமில்லை. கண்டல் விறகு நன்றாக நின்று எரியும் என்று சொல்வார்கள். ஆனால் கலா ஓயா முகத்துவாரக் கண்டல் காட்டில்தான் இறாலும் மீனும் குஞ்சு வளர்கின்றன. அதை வெட்டுவது சட்டப்படியும் குற்றம்.

தணலை மூன்று பங்காகப் பிரியுங்கள். ஒரு பங்கு சட்டிக்குக் கீழே, இரண்டு பங்கு மூடிக்கு மேலே. பலரும் வழக்கமான சமையலைப் போல அடியிலேயே நெருப்பை வைத்துவிடுகிறார்கள். அப்போது பழப்பாகு தீய்ந்து கருகும், மேலே மா வெள்ளையாகப் பச்சையாகவே இருக்கும். மேற்சூடுதான் மாவை உப்பவைத்துச் சிவக்கவைக்கிறது. மூடியின் விளிம்பைச் சுற்றித் தணலைக் கூடுதலாகவும் நடுவில் குறைவாகவும் பரப்ப வேண்டும்.

சூடு சரியா என்று பார்க்க வெப்பமானி தேவையில்லை. வெறும் சட்டியை மூடித் தணலிட்டுப் பத்து நிமிடம் வையுங்கள். பிறகு ஒரு சிறு தகரத்தில் ஒரு சிட்டிகை மாவைத் தூவி உள்ளே வைத்து மூடுங்கள். ஐந்து நிமிடத்தில் மா பொன்னிறமானால் சூடு சரி. கறுத்தால் அதிகம், வெள்ளையாகவே இருந்தால் போதாது.

மீள்குடியேறிய காணிகளில் இருப்பவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. வழக்கமாகச் சமைக்கும் அடுப்பிலேயே இதைச் செய்யுங்கள். வெடிபொருள் அகற்றப்பட்டதென்று உறுதி செய்யப்படாத நிலத்தில் புதிதாகக் குழி தோண்டியோ குப்பை கூட்டியோ தீ மூட்டக் கூடாது. யுத்தம் 2009இல் முடிந்தாலும் மண்ணுக்குள் கிடப்பவை இன்னும் முற்றாக எடுக்கப்படவில்லை. மழையென்று தணல் சட்டியை அடைத்த அறைக்குள் கொண்டுபோவதும் ஆபத்து, கரிப்புகை ஆளை மயக்கிக் கொல்லும்.

தேவையானவை (ஆறு பேருக்கு)

பழத்துக்கு: வெட்டிய மாம்பழம் 3 கப், சீனி கால் கப் (பழம் புளித்தால் அரைக் கப்), தேசிக்காய்ப் புளி 1 தேக்கரண்டி, கறுவாத் தூள் அரைத் தேக்கரண்டி, கோதுமை மா 1 மேசைக்கரண்டி.

மேல்மாவுக்கு: கோதுமை மா ஒன்றரைக் கப், பேக்கிங் பவுடர் 2 தேக்கரண்டி, உப்பு கால் தேக்கரண்டி, சீனி 3 மேசைக்கரண்டி, மாஜரின் 5 மேசைக்கரண்டி, பால் அல்லது தேங்காயின் முதற்பால் அரைக் கப்பிலிருந்து முக்கால் கப் வரை.

பேக்கிங் பவுடர் கிடைக்காவிட்டால் அரைத் தேக்கரண்டி அப்பச்சோடாவும் ஒரு மேசைக்கரண்டி தேசிக்காய்ப் புளியும் போடலாம். அப்படிச் செய்தால் குழைத்தவுடனேயே தணலுக்குப் போக வேண்டும், வைத்தால் பொங்குதல் நின்றுவிடும். பழைய பேக்கிங் பவுடரைக் கொஞ்சம் சுடுநீரில் போட்டுப் பாருங்கள். நுரைத்துப் பொங்கினால் நல்லது.

செய்முறை

மாஜரினைக் கிண்ணத்தில் போட்டு, அந்தக் கிண்ணத்தை மண்பானைத் தண்ணீரில் அரை மணித்தியாலம் மிதக்க விடுங்கள். நம் ஊர் வெக்கையில் அது எண்ணெயாக உருகியிருந்தால் மேல்மா பொருபொருவென்று வராது.

மா, பேக்கிங் பவுடர், உப்பு, சீனி எல்லாவற்றையும் அரித்துக் கலந்து, குளிர்ந்த மாஜரினைச் சேர்த்து விரல் நுனிகளால் பிசறுங்கள். புட்டுக்குக் குழைத்த மா போல உதிரியாக வர வேண்டும். அந்தப் பதம் நமக்குக் கைவந்த கலைதானே. முகாம்களில் நிவாரண மாவைப் பிசைந்து பிசைந்து வருடக்கணக்காக ரொட்டி சுட்ட கைகள் அல்லவா இவை!

ஒரு கையால் மட்டும் வேலை செய்யும் சகோதரிகளும் இந்தப் பக்கத்தை வாசிக்கிறீர்கள். கிண்ணத்தின் அடியில் ஈரத்துணியை மடித்துப் போட்டால் வழுக்காது. விரலால் பிசறுவது சிரமமானால் மாஜரினை உருக்கி ஆறவைத்துப் பாலுடன் கலந்து ஊற்றி, கரண்டியால் கிளறுங்கள். மேல்மா கொஞ்சம் கேக் போல மெத்தென்று இருக்கும், ருசியில் குறையில்லை.

இப்போது பழத்தைக் கவனியுங்கள். துண்டுகள், சீனி, புளி, கறுவா, ஒரு மேசைக்கரண்டி மா ஆகியவற்றைச் சட்டியில் இட்டு, சாதாரண அடுப்பில் ஐந்து நிமிடம் வைத்துக் கொதி வரச் செய்யுங்கள். இந்தப் படியைத் தவிர்க்காதீர்கள். ஆறிய பழத்தின் மேல் மாவை வைத்தால் மாவின் அடிப்பக்கம் வேகாமல் களியாக நிற்கும். கொதிக்கும் பழத்தின் மேல் வைத்தால் அந்த ஆவியிலேயே அடிப்பக்கம் வெந்துவிடும், கீழ்த்தணலும் அதிகம் தேவைப்படாது.

பழம் கொதிக்கும்போதே பிசறிய மாவில் பாலை ஊற்றிக் கிளறுங்கள். ரொட்டி மாவைவிட இளக்கமாக, ஆப்ப மாவைவிட மிகத் தடிப்பாக, கரண்டியிலிருந்து தொப்பென்று விழும் பதம். அதிகம் கிளறினால் இறுகிவிடும். கட்டிகள் தெரிந்தாலும் பரவாயில்லை. கொதிக்கும் பழத்தின் மேல் எட்டு, ஒன்பது இடங்களில் கரண்டியால் போடுங்கள். இடையிடையே பழம் தெரிய வேண்டும், ஆவி போக வழி அதுதான். சட்டியின் அரைவாசிக்கு மேல் நிரப்ப வேண்டாம். மாவுக்கும் மூடிக்கும் இடையே இரண்டு அங்குலமாவது இருக்கட்டும்.

மூடித் தணலிடுங்கள். முதல் இருபது நிமிடம் திறக்கவே கூடாது. பிள்ளைகள் “வெந்துவிட்டதா உம்மா” என்று சுற்றிச் சுற்றி வருவார்கள், அவர்களைத் தண்ணீர் அள்ள அனுப்பிவிடுங்கள். அதற்குள் மேல்தணல் சாம்பல் பூத்துச் சோர்ந்திருக்கும். சாம்பலை நன்றாகத் தட்டிவிட்டுப் புதுத்தணல் வையுங்கள். முப்பத்தைந்து, நாற்பது நிமிடத்தில் மூடியை நேராகத் தூக்கிப் பாருங்கள். சேலைத் தலைப்பையும் முக்காட்டையும் செருகிக்கொண்டு, குறடு பிடித்துத் தூக்க வேண்டும். மேல் பொன்னிறமாகி, ஓரங்களில் பாகு தடிப்பாகக் குமிழியிட்டு, மாவில் குத்திய ஈர்க்கு ஒட்டாமல் வந்தால் வெந்துவிட்டது. உடனே பரிமாறாமல் கால் மணித்தியாலம் வைத்தால் பாகு கட்டிப்படும்.

ஒவனும் கடனும்

தவணைக் கடனில் ஒவன் எடுக்கலாமா என்ற கேள்விக்கு வருகிறேன். வேண்டாம் சகோதரி.

கணக்கைப் பாருங்கள். உதாரணமாக, முப்பதாயிரம் ரூபாவை ஒரு வருடத்துக்கு 24 வீத நிலையான வட்டியில் எடுத்தால் வட்டி 7,200 ரூபா. மொத்தம் 37,200. கிழமைக்கு ஏறக்குறைய 715 ரூபா கட்ட வேண்டும். நீங்கள் ஒவ்வொரு கிழமையும் முதலைக் கட்டிக் குறைத்துக்கொண்டு வந்தாலும் வட்டி முழு முப்பதாயிரத்துக்கும் கணக்கிடப்படுகிறது. ஆகவே உண்மையான வட்டி நாற்பது வீதத்தைத் தாண்டும். ஒரு தட்டுக் கொப்ளரில் 300 ரூபா மிஞ்சுகிறது என்று வைத்தால்கூடக் கிழமைக்கு மூன்று தட்டு விற்றால்தான் தவணைக்கே போதும். இதைவிட, 1500 வாற்று ஒவன் ஒரு மணித்தியாலம் முழுச் சூட்டில் ஓடினால் ஒன்றரை அலகு மின்சாரம். அலகு கூடக் கூட ஓரலகின் விலையும் கூடும்.

நுண்கடனால் பெண்கள் பட்ட பாடு நமக்குப் புதிதல்ல. 2018ஆம் ஆண்டில், வறட்சியால் பாதிக்கப்பட்ட 12 மாவட்டங்களில் பெண்கள் பெற்ற ஒரு இலட்சம் ரூபா வரையான நுண்கடன்களைத் தள்ளுபடி செய்ய அரசாங்கமே முன்வர வேண்டியிருந்தது. வட்டிக்கும் அப்போது 35 வீத உச்சவரம்பு வைத்தார்கள். 35 வீதம் ஒரு நிவாரணமாகத் தெரிந்தது என்றால் அதற்கு முன்பு என்ன வாங்கியிருப்பார்கள் என்று யோசியுங்கள்.

கேக் பயிற்சி, சவர்க்காரப் பயிற்சி, தையல் பயிற்சி என்று திட்டங்கள் நம்மிடம் வந்துபோயின. பல வீடுகளில் பயிற்சியோடு தந்த ஒவன் அலுமாரியாகப் பயன்படுகிறது, உள்ளே பிள்ளைகளின் கொப்பிகள் இருக்கின்றன. பொருளைத் தந்தவர்கள் மின்கட்டணத்தையும் சந்தையையும் பற்றி நம்மிடம் கேட்கவில்லை. 2022இல் எரிவாயு இல்லாமல் கொழும்பு வீடுகளே விறகடுப்பைத் தேடியபோது நம் அடுப்புகள் அணையவில்லை.

விற்கலாமா?

மனம் நோகக் கூடாது என்று மழுப்பாமல் சொல்கிறேன். கொப்ளர் கடைக்குப் போட்டு விற்க உகந்த பண்டம் அல்ல. ஈரப்பழம் இருப்பதால் குளிரூட்டியில்லாமல் அன்றைக்கே தின்றுவிட வேண்டும். தேங்காய்ப்பால் சேர்த்தது இன்னும் விரைவில் புளிக்கும். முச்சக்கரவண்டியில் புத்தளம் கொண்டுபோகும் முன் மேல்மா ஊறிச் சோர்ந்துவிடும்.

ஊருக்குள் சொல்லிவைத்துச் செய்வதானால் நல்லது. பெருநாள், பிறந்த நாள், பாடசாலை ஆசிரியர் பிரியாவிடை போன்றவற்றுக்கு முன்கூட்டியே சொன்னவர்களுக்கு மட்டும், பாதி முற்பணம் வாங்கிச் செய்து கொடுங்கள். சட்டியோடு கொடுத்து, சட்டியைத் திருப்பி வாங்கிக்கொள்ளுங்கள். விலை போடும்போது மா, சீனி, மாஜரினோடு சிரட்டைக்கரிக்கும் உங்கள் இரண்டு மணித்தியால உழைப்புக்கும் பணம் சேர்க்க வேண்டும். சொந்த மரத்து மாம்பழத்துக்கும் சந்தை விலையைப் போடுங்கள், ஏனென்றால் அதை அப்படியே விற்றிருந்தாலும் காசு வந்திருக்கும். தொடர்ந்து செய்வதாக முடிவெடுத்தால் உங்கள் பிரிவின் பொதுச் சுகாதாரப் பரிசோதகரைச் சந்தித்து விதிகளைக் கேட்டுக்கொள்வது பின்னால் வரும் தொல்லையைத் தவிர்க்கும்.

நாள்பட இருக்கக்கூடிய பண்டம் வேண்டுமென்றால், இதே சட்டியில் இதே தணலில் கஜு போட்ட விஸ்கோத்து சுடலாம். காற்றுப் புகாத ரின்னில் இரண்டு கிழமை கெடாது. அதன் அளவுகளையும், சிரட்டையைப் புகையில்லாமல் கரியாக்கும் முறையையும் அடுத்த இதழில் எழுதுகிறேன்.